மூன்று நாள் பெரியம்மா

2017-ல் ஒரு சீரியல் மேனேஜர் போன் செய்தார். கல்யாண சீன், மூன்று நாள் வேலை, மணப்பெண்ணின் பெரியம்மா. புடவை, ஜாக்கெட், நகை எல்லாம் நாமே கொண்டுபோக வேண்டும். சபா நாடகங்களில் பல வருடம் நடித்த தைரியத்தில் வளசரவாக்கம் ஷூட்டிங் வீட்டுக்குப் போய்விட்டேன்.

பிராம்ப்டிங்கில்தான் திணறினேன். நாடகத்தில் வசனம் மனப்பாடம். இங்கே சீன் பேப்பர் அப்போதுதான் வரும். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று உதவி இயக்குநர் வரி வரியாகச் சொல்ல, நாம் பேச வேண்டும். என் கண் குரல் வந்த பக்கமே ஓடியது. ஐந்து டேக் ஆனது. மதியச் சாப்பாட்டின்போது கூட நடித்த அக்கா ஒருவர், "என் புருவத்தைப் பார்த்துப் பேசும்மா, காது தானா வேலை செய்யும்" என்றார். இன்றுவரை அப்படித்தான் பேசுகிறேன்.

அப்புறம் ரியாக்‌ஷன். துணைப் பாத்திரத்துக்குச் சோறு போடுவதே அதுதான். கதாநாயகி அழுது முடித்து மேக்கப் அறைக்குப் போனபிறகு கேமரா நம் பக்கம் திரும்பும். வெறும் சுவரைப் பார்த்துக் கலங்க வேண்டும். எனக்கு அது வரவில்லை. "தம்பி, அவங்க வசனத்தை இன்னொரு தடவை படிக்கிறீங்களா?" என்று உதவி இயக்குநரிடம் கேட்டேன். அவர் படிக்கப் படிக்க நிஜமாகவே தொண்டை அடைத்தது. மூன்று நாள் வேலை மாதம் எட்டு நாளாக நீண்டது அதற்குப் பிறகுதான்.

வாசலில் நுழைவதை இன்று எடுத்தால், உள்ளே வருவதை அடுத்த வாரம் எடுப்பார்கள். அதனால் கிளம்பும் முன் பொட்டின் அளவு, முந்தானை மடிப்பு, எந்தக் கையில் எத்தனை வளையல், எல்லாவற்றையும் போனில் படம் எடுத்துவிடுவேன். வேலை செய்த தேதிகளையும் டைரியில் எழுதுவேன். ஒரு கம்பெனியில் நான்கு மாதச் சம்பளம் பாக்கி நின்றபோது அந்த டைரியைக் காட்டித்தான் வாங்கினேன், அதுவும் இரண்டு தவணையில்.

2020 மார்ச்சில் கொரோனாவால் படப்பிடிப்பு நின்றது. மே மாதம் அரசு முதலில் 20 பேருக்கும், பிறகு 60 பேருக்கும் அனுமதி கொடுத்தது. தொழில்நுட்பக் கலைஞர்களும் அதற்குள் அடக்கம் என்பதால் குடும்பக் காட்சிகள் சுருங்கின. பெரியம்மா பெங்களூருக்கு மகள் வீட்டுக்குப் போய்விட்டதாக ஒரே வரி வசனம். டிவியில் அதைக் கேட்டு அன்றிரவு தூங்கவில்லை.

அக்டோபரில் மேனேஜர் கூப்பிட்டார். ஊரிலிருந்து திரும்பி வரும் காட்சி. பழைய போட்டோவைத் தேடி எடுத்து, அதே அளவுப் பொட்டை வைத்துக்கொண்டு கிளம்பினேன்.