பழைய எமுலேட்டரும் பயாஸ் கோப்பும்

சோனியின் பிளேஸ்டேஷன் 2 (பிஎஸ்2) கேம்களைக் கணினியில் ஓட வைக்கும் மென்பொருள்தான் பிஎஸ்2 எமுலேட்டர். பழைய கணினியில் அதன் புதிய பதிப்பு திறக்கவே இல்லையா? சோர்ந்துபோக வேண்டாம். பிசிஎஸ்எக்ஸ்2 என்ற பிஎஸ்2 எமுலேட்டரின் 1.6 பதிப்பு, 2020-இல் வந்தது, 32-பிட் விண்டோஸிலும் ஓடும். இப்போதைய பதிப்புகளுக்கு 64-பிட் கட்டாயம்.

ஆனால் பழசோ புதுசோ, பயாஸ் கோப்பு இல்லாமல் வேலைக்கு ஆகாது. கேம் கன்சோலை உயிர்ப்பிக்கும் முதல் நிரலே அதுதான். வெறும் 4 எம்பி. பதிப்புரிமை சோனியுடையது என்பதால் எமுலேட்டரோடு சேர்த்துத் தரமாட்டார்கள். சொந்த கன்சோலிலிருந்து எடுத்துக்கொள்வதுதான் நேர்வழி. கண்ட கண்ட தளத்தில் இறக்காதீர்கள், வைரஸும் கூடவே வரலாம்.

சோனியின் கையடக்க கன்சோலான பிஎஸ்பிக்கு இந்தத் தலைவலியே கிடையாது. கன்சோலுக்குள் இருக்கும் அடிப்படை மென்பொருளான ஃபர்ம்வேர் செய்யும் வேலையை, பிஎஸ்பி எமுலேட்டரான பிபிஎஸ்எஸ்பிபி தானே எழுதி வைத்திருக்கிறது. எவ்வளவு பெரிய உழைப்பு! அப்புறம், பிஎஸ்3 எமுலேட்டரான ஆர்பிசிஎஸ்3-க்கு வேண்டிய பிஎஸ்3 ஃபர்ம்வேர் சோனியின் தளத்திலேயே கிடைக்கிறது.