என்ன ஜாதி நாய் என்று கேட்பவர்களுக்கு

நாய் கடித்து ஊசி ரூமுக்கு வருபவரைக் கூட்டிக்கொண்டு குறைந்தது இரண்டு பேராவது வருவார்கள். அவர்களில் ஒருவர் கட்டாயம் கேட்பார், "என்ன ஜாதி நாய்?" என்று. கேட்டுவிட்டுப் பதிலையும் அவரே சொல்லிவிடுவார்: "கோம்பையா இருக்கும், அதுதான் இப்படிப் பிடிக்கும்." எங்கள் பதிவேட்டில் அந்தக் கேள்விக்கு இடமில்லை. கடித்த நேரம், கடித்த இடம், காயம் எவ்வளவு ஆழம், சோப்புப் போட்டுக் கழுவினார்களா, வீட்டு நாயா தெரு நாயா, நாய்க்குத் தடுப்பூசி போட்டிருக்கிறதா, நாய் இப்போது உயிரோடு இருக்கிறதா என்பவைதான் நாங்கள் எழுதுபவை.

நான் வேலை பார்ப்பது ராஜபாளையம் பக்கத்து அரசு மருத்துவமனை ஒன்றில். ஊர்ப்பெயரையே நாய்க்கு வைத்திருக்கிற பகுதி இது. ராஜபாளையம், சிப்பிப்பாறை, கன்னி, கோம்பை என்று நாட்டு நாய்களைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் இங்கே பெரியவர்கள் நேரம் போவது தெரியாமல் பேசுவார்கள். மலையடிவாரத்து மாந்தோப்புகளில் காவலுக்கு நாய் இல்லாத தோப்பைப் பார்க்க முடியாது. அதனால் எங்கள் ஊசி ரூமுக்குத் தெருநாய்க் கடியும் வரும், ஆயிரக்கணக்கில் விலை கொடுத்து வாங்கிய நாயின் கடியும் வரும். இரண்டையும் ஒரே மேசையில் வைத்துக் கழுவி, ஊசி போட்டு அனுப்பியதில் எனக்குப் புரிந்த விஷயம் ஒன்று உண்டு. நாயால் வருகிற ஆபத்து இரண்டு வகை. ஒன்று, பல் கிழிப்பது. மற்றொன்று, எச்சிலில் வருவது, அதாவது ரேபிஸ் என்கிற வெறிநாய்க்கடி நோய். ஊர் முதலாவதைப் பார்த்துப் பயப்படுகிறது. உயிர் அதிகம் போவது இரண்டாவதில்.

நாற்பது வயதுக்குள் இருக்கும் ஒரு பெண்ணை அவருடைய கணவர் கூட்டிவந்தார். கையில் மதமதப்பு, இரண்டு நாளாகக் காய்ச்சல், சாப்பாடு இறங்கவில்லை என்றார். வரிசையில் உட்கார்ந்திருந்தவர் மேலே சுற்றிய ஃபேன் காற்று முகத்தில் பட்டதும் திடுக்கிட்டு முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். அதைப் பார்த்ததுமே எனக்கு வயிறு கலங்கிவிட்டது. உடனே உள்ளே கூட்டிப்போனோம். டாக்டர் ஒரு டம்ளரில் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். டம்ளர் வாயருகே போகும்போதே தொண்டை இறுகி, உடம்பு முழுக்க உதறியது. "தாகமா இருக்கு சிஸ்டர், குடிக்க முடியலையே" என்றார். புத்தி முழுத் தெளிவாக இருந்தது. அந்த நோயின் கொடுமையே அதுதான். கடைசிவரை பெரும்பாலானவர்களுக்கு இடையிடையே நல்ல நினைவு இருக்கும்.

நாய் ஏதும் கடித்ததா என்று கேட்டதற்கு இல்லை என்றார்கள் இருவரும். கொஞ்ச நேரம் கழித்துக் கணவருக்கு ஞாபகம் வந்தது. பிள்ளைகள் தெருவிலிருந்து ஒரு குட்டியைத் தூக்கிவந்து வளர்த்திருக்கிறார்கள். பால் ஊற்றும்போது அது இந்த அம்மாவின் விரலைப் பல்லால் கீறியிருக்கிறது. சுண்ணாம்பு வைத்திருக்கிறார். நாலைந்து நாளில் குட்டி செத்துவிட்டது, தென்னை மரத்தடியில் புதைத்துவிட்டார்கள். நடந்து இரண்டு மாதம் இருக்கும். உள்ளங்கை அளவுக் குட்டி, அதன் பல்லால் என்ன வந்துவிடும் என்று யாருக்குமே தோன்றவில்லை. மதுரைக்கு அனுப்பிவைத்தோம். திரும்பி வரவில்லை. ரேபிஸ் அறிகுறி வந்துவிட்டால் அதன்பிறகு கொடுக்க இந்த உலகத்தில் மருந்து கிடையாது. அன்று சாயங்காலமே அந்தக் குட்டியைத் தொட்டு விளையாடிய பிள்ளைகள், பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் எல்லோரையும் வரவழைத்து ஊசி போட்டோம். அம்மாவுக்கு என்ன ஆனது என்று தெரியாமலே அந்தச் சின்னப் பிள்ளை இரண்டு கையையும் நீட்டியது.

2024-இல் தமிழ்நாட்டில் பதிவான நாய்க்கடி சுமார் 4.8 லட்சம். அந்த ஆண்டில் ரேபிஸால் இறந்தவர்கள் 43 பேர். எண்ணைப் பார்த்தால் லட்சத்தில் ஒன்பது பேர்தானே என்று தோன்றலாம். ஆனால் அந்த நோய் வந்த பிறகு காப்பாற்ற முடியாது, வராமல் தடுக்க மட்டும் முடியும் என்பதால் ஒவ்வொரு சாவும் தடுத்திருக்கக்கூடிய சாவு. வெறிநாய்க்கடிக்கு மருந்து கொடுக்கக் குன்னூரில் பாஸ்டர் நிலையம் 1907-லேயே வந்துவிட்டது. தொப்புளைச் சுற்றிப் போட்ட, ஆட்டு மூளையில் செய்த பழைய ஊசியையும் 2004-ஓடு நாடு முழுவதும் நிறுத்திவிட்டார்கள். இப்போது கையில் போடும் சின்ன ஊசிதான், அரசு மருத்துவமனைகளில் காசும் கிடையாது. இருந்தும் "பதினாலு ஊசி போடணுமாமே" என்று பயந்து மூன்று நாள் கழித்து வருபவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

வருபவர்களின் காயத்தில் என்னென்னவோ பூசியிருக்கும். சுண்ணாம்பு, மஞ்சள், காப்பித்தூள், மிளகாய்த்தூள், விளக்கெண்ணெய். முதல் வேலை அதையெல்லாம் கழுவி எடுப்பது. குழாயைத் திறந்துவிட்டு, சோப்புப் போட்டு, கால் மணி நேரம் கழுவ வேண்டும். நான் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே நிற்பேன். "ஊசியைப் போடுங்க சிஸ்டர், தண்ணிய ஊத்திக்கிட்டு" என்று சலித்துக்கொள்வார்கள். அந்தக் கால் மணி நேரத் தண்ணீர் எவ்வளவு கிருமியை வெளியேற்றும் என்று ஒவ்வொருவரிடமும் சொல்வேன். கடித்த இடத்திலேயே, வீட்டுக் குழாயிலேயே இதைச் செய்துவிட்டு வந்தால் பாதி வேலை முடிந்துவிடும்.

ரத்தம் வந்த காயத்தை மூன்றாம் வகை என்போம். ரத்தம் வராமல் லேசான கீறல் மட்டும் என்றால் இரண்டாம் வகை. மூன்றாம் வகைக்குத் தடுப்பூசி மட்டும் போதாது, இம்யூனோகுளோபுலின் என்கிற ஆயத்த எதிர்ப்புச் சக்தி மருந்தைக் காயத்துக்குள்ளேயே ஏற்ற வேண்டும். தடுப்பூசி போட்டு உடம்பு எதிர்ப்புச் சக்தியை உண்டாக்கச் சில நாட்கள் ஆகும். அதுவரை காயத்திலேயே கிருமியை மறித்து நிறுத்துவது இந்த மருந்துதான். விரல் நுனியில், உதட்டில், காதில் இதை ஏற்றும்போது வலி உயிர் போகும். குழந்தைகளை நான்கு பேர் பிடித்துக்கொள்ள வேண்டியிருக்கும். குழந்தைகளுக்குக் கடி பெரும்பாலும் தலையிலும் முகத்திலும் கழுத்திலும் படும், ஏனென்றால் நாயின் வாய் உயரத்தில்தான் அவர்கள் முகம் இருக்கிறது. மூளைக்குப் பக்கத்துக் காயம் என்பதால் அங்கே நேரமும் குறைவு.

இனி ஜாதிக்கு வருகிறேன். ஜாதியில் ஒன்றுமே இல்லை, எல்லாம் வளர்ப்பில்தான் என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. பொமரேனியன் கடித்த காயத்தையும் பெரிய தாடை உள்ள நாய் கடித்த காயத்தையும் ஒரே நாளில் பார்ப்பவள் நான். முதலாவது பல் பதிந்த குழி. இரண்டாவதில் சதையே வந்துவிடும், அறுவைச் சிகிச்சைக்கு அனுப்ப வேண்டும். 2024 மே மாதம் சென்னை ஆயிரம் விளக்குப் பகுதிப் பூங்காவில் 5 வயதுச் சிறுமியை இரண்டு ராட்வைலர்கள் கடித்துத் தலைத்தோலையே கிழித்த செய்தி வந்தபோது எங்கள் வார்டில் யாராலும் வேறெதையும் பேச முடியவில்லை. அதே வேலையை ஒரு சின்ன நாய் செய்திருக்க முடியாது. எடை, தாடை, பிடித்தால் விடாத பழக்கம் ஆகியவை பிறப்போடு வருபவை.

ஆனால் எது கடிக்கும், எது கடிக்காது என்பதை ஜாதிப்பெயர் சொல்லிவிடுமா என்றால், அதற்கு என் அனுபவம் தலையாட்டவில்லை. 18,000-க்கும் மேற்பட்ட நாய்களை வைத்து அமெரிக்காவில் நடந்த ஆய்வு ஒன்று 2022-இல் வந்தது. நாய்க்கு நாய் குணம் மாறுவதில் ஜாதியின் பங்கு சுமார் 9 சதவீதம்தான் என்றது அது. அந்த ஆய்வைப் படிப்பதற்கு முன்பே எங்கள் ஊர் வெள்ளை நாய்கள் எனக்கு இதைச் சொல்லியிருந்தன. ராஜபாளையம் நாய்க் குட்டிகளில் பிறவியிலேயே காது கேட்காதவை நிறைய உண்டு. அந்த வெள்ளை நிறத்தோடு சேர்ந்து வருகிற குறை அது. ஒரு பெரியவர் தன் பேரனைத் தூக்கிக்கொண்டு வந்தார். தூங்கிக்கொண்டிருந்த நாயைப் பையன் பின்பக்கமாகப் போய்க் கட்டிப்பிடித்திருக்கிறான். கன்னத்தில் கடி. "நம்ம நாய் யாரையும் தொடாது தாயி, இன்னிக்கு என்னமோ ஆயிருச்சு" என்று அழுதார். கூப்பிட்டால் திரும்புமா என்று கேட்டேன். "அது காது கேக்காத நாய். குட்டியிலயே தெரியும்." அந்த நாய் முரட்டு நாயே அல்ல. காது கேட்காத நாய் உள்ள வீட்டில் குழந்தைக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டிய ஒன்றை யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. வாங்கும்போதே விற்றவர் சொல்லியிருக்க வேண்டியதும் அது.

2024 மார்ச் 12 அன்று மத்திய அரசு 23 வகை நாய்களை இறக்குமதி செய்யவும் இனப்பெருக்கம் செய்யவும் விற்கவும் தடை விதிக்கச் சொல்லி மாநிலங்களுக்குக் கடிதம் அனுப்பியது. பிட்புல், ராட்வைலர், மாஸ்டிஃப் எல்லாம் பட்டியலில் இருந்தன. ஏப்ரலிலேயே கர்நாடக உயர்நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது, சம்பந்தப்பட்டவர்களைக் கலந்துபேசவில்லை என்று. வெளிநாட்டு அனுபவமும் ஒரே மாதிரி இல்லை. இங்கிலாந்து 1991-இல் நான்கு வகைகளைத் தடைசெய்தது. பிறகு எக்ஸ்.எல். புல்லி என்ற புது வகை பெருகி ஆட்களைக் கொன்றது, 2024 பிப்ரவரியில் அதையும் பட்டியலில் சேர்த்து முடித்தார்கள். நெதர்லாந்து 1993-இல் பிட்புல்லைத் தடைசெய்து, கடி குறையவில்லை என்று 2008-இல் தடையை எடுத்துவிட்டது. பட்டியல் போட்டால், பட்டியலில் இல்லாத ஒன்றை வாங்குவார்கள். பெரிய நாய் எதுவாக இருந்தாலும் அதை வைத்திருப்பவருக்கு உரிமம், வெளியே கூட்டிவந்தால் கயிறும் வாய்ப்பூட்டும், கடித்தால் சிகிச்சைச் செலவும் தண்டனையும் என்று பொறுப்பை ஆளின் மேல் வைப்பதுதான் சரி என்பது என் கருத்து. பத்து மணி நேரம் இரும்புச் சங்கிலியில் வெயிலில் கட்டிப்போட்ட நாய், அவிழ்த்துவிட்டதும் கேட்டைத் தாண்டி ஓடி வழியில் போகிற பள்ளிப் பையனைப் பிடித்தால் குற்றம் அதன் ரத்தத்திலா இருக்கிறது?

தெருநாய் விஷயம் வேறு. 2025 ஆகஸ்டில் உச்சநீதிமன்றம் டெல்லித் தெருநாய்கள் அத்தனையையும் பிடித்து அடைக்கச் சொன்னது. பதினொரு நாளில் அதைத் திருத்தி, கருத்தடையும் தடுப்பூசியும் போட்டுப் பிடித்த இடத்திலேயே விடச் சொன்னது, வெறிபிடித்ததையும் ஆளைத் தாக்குவதையும் தவிர. நவம்பரில் பள்ளி, மருத்துவமனை, பேருந்து நிலையம் போன்ற இடங்களிலிருந்து நாய்களை அகற்றச் சொல்லி இன்னொரு உத்தரவு. பிரசவ வார்டு வாசலில் நாய் படுத்துக்கிடக்கக் கூடாது, அதில் எனக்கு மறுபேச்சு இல்லை. ஆனால் ரேபிஸை நிறுத்துவது நாய்க்குப் போடுகிற ஊசி. ஒரு ஊரில் நூறு நாய்க்கு எழுபது நாய் தடுப்பூசி போட்டிருந்தால் நோய் பரவ வழியில்லாமல் ஓய்ந்துவிடும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. கோவாவில் ஆண்டுதோறும் தெருத்தெருவாகப் போய் நாய்களுக்கு ஊசி போட்டு, 2021-இல் ரேபிஸ் கட்டுப்படுத்தப்பட்ட மாநிலம் என்று அறிவிக்கும் அளவுக்குக் கொண்டுவந்தார்கள். எங்கள் ஊர்த் தெருக்களில் காது நுனி வெட்டிய நாய்களை, அதாவது கருத்தடை செய்த நாய்களை, எப்போதாவதுதான் பார்க்கிறேன். மனிதருக்கு ஊசி வாங்கும் அக்கறையில் கால்வாசி நாய்க்கு ஊசி போடுவதில் இருந்தால் என் ஊசி ரூம் வரிசை இவ்வளவு நீளம் இருக்காது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். கடித்த நாயை அடித்துக் கொன்றுவிட்டு வருவார்கள், பெருமையாக. அந்த நாய் பத்து நாள் உயிரோடு, நல்லபடியாக இருந்தால் கடித்த அன்று அதன் எச்சிலில் கிருமி இல்லை என்று தெரிந்துவிடும். கொன்றுவிட்டால் அந்த வழி அடைபட்டுவிடும். பத்து நாள் வரை பார்க்கலாம் என்று ஊசி போடாமல் வீட்டில் உட்காரவும் கூடாது. ஊசியை ஆரம்பித்துவிட வேண்டும், நாயையும் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும்.

ஊசி நான்கு தடவை. முதல் ஊசி போட்ட நாள், அந்த நாளைச் சேர்க்காமல் எண்ணி மூன்றாம் நாள், ஏழாம் நாள், இருபத்தெட்டாம் நாள். ஒவ்வொரு தடவையும் இரண்டு கையிலும் 0.1 மி.லி. தோலுக்குள். கறி சாப்பிடலாமா, குளிக்கலாமா, கர்ப்பிணி போடலாமா என்ற கேள்விகள் தவறாமல் வரும். சாப்பிடலாம், குளிக்கலாம், போடலாம். ஏழாம் நாள்வரை ஒழுங்காக வருபவர்கள் இருபத்தெட்டாம் நாள் வருவதில்லை. காயம் ஆறியிருக்கும், மில்லில் ஷிப்ட் மாற்ற முடியாது, ஒரு நாள் கூலி போய்விடும். அதனால் சீட்டின் பின்பக்கம் தேதியோடு கிழமையும், பக்கத்தில் வருகிற பண்டிகையும் எழுதிக்கொடுக்கிறேன். போன மாதம் ஒரு மில் தொழிலாளிக்குப் போன் போட்டுக் கேட்டேன்.

"நாய் நல்லாத்தான் இருக்கு சிஸ்டர். நேத்துகூடப் பாத்தேன்."

"நல்லது அண்ணே. அதை டாக்டர்கிட்ட வந்து சொல்லுங்க. ஊசியை நிறுத்துறதா வேண்டாமான்னு அவர் சொல்லட்டும், நீங்களா நிறுத்திக்காதீங்க."

"பகல் ஷிப்ட் சிஸ்டர், ஓ.பி. நேரத்துக்கு வர முடியாது."

ராத்திரி எட்டு மணிக்கு மேலும் அவசரப் பிரிவில் இந்த ஊசி போடுவார்கள் என்று பலருக்குத் தெரியாது. ஞாயிற்றுக்கிழமையும் போடுவார்கள். அவரிடம் அதைச் சொன்னேன், அன்று ராத்திரியே வந்து டாக்டரைப் பார்த்துவிட்டுப் போனார். அதிலிருந்து எல்லாச் சீட்டிலும் அதையும் சேர்த்து எழுதிக்கொண்டிருக்கிறேன்.