அகேபோனோ: நாலரை மீட்டர் வட்டத்துக்குள் 233 கிலோ

சூமோ களத்தின் விட்டம் 4.55 மீட்டர். இறுகத் தட்டிய மண்மேடை, விளிம்பில் பாதி புதைத்த வைக்கோல் பொதிகள். உள்ளங்கால் தவிர உடம்பில் எது மண்ணைத் தொட்டாலும் தோல்வி. வட்டத்துக்கு வெளியே கால் பட்டாலும் தோல்வி. பெரும்பாலான மோதல்கள் பத்து விநாடிகூட நீடிப்பதில்லை. சூமோ வீரர் அகேபோனோவை எடைபோட முதலில் இதெல்லாம் தெரிந்திருக்க வேண்டும். 203 சென்டிமீட்டர் உயரமும் உச்சத்தில் 233 கிலோ எடையும் கொண்ட அந்த உடம்பை இந்த விதிகள்தான் தூக்கி நிறுத்தின. அவை இல்லாத இடத்துக்குப் போனதும் சரிந்தது.

இயற்பெயர் சாட் ரோவன். ஹவாயின் வைமானாலோவில் 1969-இல் பிறந்து, கூடைப்பந்து ஆடி வளர்ந்தவர். அவரைச் சேர்த்துக்கொண்ட அசுமாசெகி பயிற்சிக்கூடத்தின் தலைவரும் ஹவாய்க்காரரே: தகாமியாமா, 1972-இல் முதல் பிரிவுப் பட்டத்தை வென்ற முதல் வெளிநாட்டவர்.

கூடைப்பந்துக்கு வாகான நீண்ட கால்கள் சூமோவுக்கு ஆகாது. இடுப்பு எவ்வளவு தாழ்கிறதோ அவ்வளவு பிடிமானம் என்பது அங்கே பாலபாடம். கால் நீண்டால் இடுப்பு உயரத்தில் நிற்கும். குட்டையான எதிராளி அடியில் புகுந்து மவாஷி என்கிற இடுப்புக் கச்சையை இரு கையாலும் பிடித்துவிட்டால், பெரிய உடம்பு தானாக நிமிர்ந்துவிடும். நிமிர்ந்தவனைத் தள்ள அதிக பலம் வேண்டாம்.

அகேபோனோவின் விடை, யாரையும் கச்சைக்கு அருகில் விடாமலிருப்பது. டாச்சியாய் எனும் முதல் மோதலிலேயே இரண்டு உள்ளங்கைகளும் எதிராளியின் மார்பில் இறங்கும். பிறகு ட்சுப்பாரி, அதாவது மாறி மாறிக் கையால் அறைந்து தள்ளுவது. அதற்கு நடுவே நோதோவா: கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் இடையிலுள்ள பள்ளத்தை எதிராளியின் தொண்டையில், தாடைக்குக் கீழே பொருத்தி மேல்நோக்கித் தள்ளுதல். தலை அண்ணாந்தால் முதுகு வளையும், முதுகு வளைந்தால் எடை குதிகாலுக்குப் போகும். அதன்பின் அவன் பின்னால் போவதைத் தவிர வழியில்லை. அந்தக் கை நீளத்துக்கு இரண்டு மூன்று தள்ளில் விளிம்பு வந்துவிடும். இதற்கான தினசரிப் பயிற்சி தெப்போ: மரத்தூணை உள்ளங்கையால் அறையும்போது அதே பக்கத்துக் காலையும் தரையோடு தேய்த்து நகர்த்த வேண்டும். கை மட்டும் போய்க் கால் பின்தங்கினால் உடம்பு முன்னால் சாயும். அதுதான் எதிராளி எதிர்பார்க்கும் தருணம்.

இந்தப் பாணியின் விலையும் அங்கேதான். எதிராளி சட்டென விலகிப் பிடரியில் தட்டினால், முன்னே போகிற எடை முழுவதையும் ஒரே காலில் நிறுத்தியாக வேண்டும். முழங்கால் முன்பின்னாக மடங்கத்தான் அமைந்தது, திருகலைத் தாங்க அல்ல. 1994-இல் முழங்காலுக்கு அறுவை சிகிச்சை செய்துகொண்டார்.

அதற்குள் ஏறவேண்டிய உயரத்தை ஏறிவிட்டிருந்தார். 1988 மார்ச்சில், பின்னாளில் அவருக்குப் பெரும் போட்டியாளர்களான தகானோஹானா, வகானோஹானா சகோதரர்களோடு ஒரே தொடரில் அறிமுகம். தொடக்கத்திலிருந்து வரிசையாக 18 தொடர்களில் தோல்வியைவிட வெற்றி அதிகம். 1992 மே மாதம் முதல் பட்டம். அந்த நவம்பரிலும் அடுத்த ஜனவரியிலும் அடுத்தடுத்துப் பட்டங்கள். அறிமுகமாகி 30 தொடர்களே முடிந்த நிலையில் சூமோவின் உச்சப் பதவியான யோகோசூனாவை 64-ஆவது ஆளாக எட்டினார். வெளிநாட்டில் பிறந்த ஒருவர் அந்த இடத்துக்கு வந்தது அதுவே முதல் முறை.

யோகோசூனாவைப் பதவி இறக்க முடியாது. காயமென்றால் ஒதுங்கி இருக்கலாம். வந்து தொடர்ந்து தோற்றால் ஓய்வுதான் மரியாதை. முதல் பிரிவில் அவருடைய கணக்கு 566 வெற்றி, 198 தோல்வி, களமிறங்காத நாள் 181. 1997 மே மாதத்துக்குப் பின் மூன்றாண்டு வறட்சி. 2000-இல் ஜூலையிலும் நவம்பரிலும் மறுபடி பட்டம். மொத்தம் 11. என் கணிப்பில் இளமைக்காலப் பட்டங்களைவிட அந்தக் கடைசி இரண்டுதான் கனமானவை. 2001 ஜனவரியில் ஓய்வு.

1996-லேயே ஜப்பானியக் குடியுரிமை பெற்றிருந்ததால் சூமோ சங்கத்தில் பயிற்சியாளராகத் தொடர்ந்தார். 2003-இல் அதை விட்டுவிட்டு கே-1 கிக்பாக்சிங்குக்குப் போனார். டிசம்பர் 31 இரவு நகோயா டோமில் அமெரிக்கச் சண்டை வீரர் பாப் சாப்புடன் மோதல். முதல் சுற்றில் 2 நிமிடம் 58 விநாடியில் முகம் குப்புற வீழ்ந்தார்.

அது கோழைத்தனமோ சோம்பலோ அல்ல. கயிறு கட்டிய மேடையில் எதிராளியை ஓரத்துக்குத் தள்ளினால் புள்ளி கிடையாது, நடுவர் பிரித்துவிடுவார். தள்ளிப் பழகிய கை நீண்டபடியே நிற்கும். குத்துச்சண்டைக்காரன் கையோ போன வேகத்தில் தாடையைக் காக்கத் திரும்ப வேண்டும். சில விநாடி வெடிப்புக்குப் பழகிய மூச்சு, மூன்று நிமிடச் சுற்றில் பாதியிலேயே தீரும். எதிரே நின்ற சாப்பும் மலைபோல் ஆள், ஆகவே எடையின் அனுகூலமும் பெரிதாக உதவவில்லை. அடுத்த ஆண்டு அதே இரவில், கலப்புச் சண்டையில் (எம்எம்ஏ), பிரேசிலிய ஜியு-ஜிட்சு வீரர் ராய்ஸ் கிரேசி 2 நிமிடம் 13 விநாடியில் தோள்பூட்டுப் போட்டுப் பணிய வைத்தார். கே-1-இல் கிடைத்தது ஒரே ஒரு வெற்றி. கலப்புச் சண்டையில் அதுவும் இல்லை.

தொழில்முறை மல்யுத்தம்தான் அவருக்குப் பொருந்தியது. 2013-இல் ஆல் ஜப்பான் என்ற மல்யுத்த நிறுவனத்தின் மும்முடிப் பட்டம் வரை போனார்.

அவ்வளவு பெரிய உடம்புக்கு ரத்தம் அனுப்ப இதயம் ஓய்வு நேரத்திலும் கூடுதலாக உழைக்கிறது. ஆண்டுக்கணக்கில் அப்படி இருந்தால் தசைச் சுவர் தடிக்கும், பிறகு அறை விரியும், கடைசியில் இறைக்கும் திறன் குறையும். 2017 ஏப்ரலில், இன்னும் மல்யுத்தச் சுற்றுப்பயணத்தில் இருந்தபோதே, 47 வயதில் விழுந்தார். இதயம் 37 நிமிடம் நின்றிருந்ததாகச் செய்தி வந்தது. ஆக்சிஜன் இல்லாமல் சில நிமிடங்களிலேயே மூளை பழுதாகத் தொடங்கும், அதிலும் நினைவுக்கான பகுதி சீக்கிரம் அடிபடும். அவருக்கும் நினைவிழப்பு ஏற்பட்டது. ஏழு ஆண்டு சிகிச்சைக்குப் பின் 2024 ஏப்ரலில், 54 வயதில், இதயச் செயலிழப்பால் இறந்தார்.

மரணச் செய்தியோடு பலரும் பகிர்ந்தது சாப் வீழ்த்திய படத்தைத்தான். எரிச்சலாக இருந்தது. பார்ப்பதென்றால் 1993 ஜூலை நகோயா தொடரின் மும்முனைப் பட்டப்போட்டியைத் தேடிப் பாருங்கள். தொடர்ந்து இருவரை வென்றவருக்கே பட்டம் என்பது விதி. எதிரே அதே சகோதரர்கள் இருவரும். அகேபோனோ இருவரையும் அடுத்தடுத்து முடித்தார். முகத்தை விட்டுவிட்டு, முதல் மோதலில் அவர் கைகள் எங்கே இறங்குகின்றன என்று மட்டும் கவனியுங்கள்.