அண்ணாமலை ஜோதி, அம்மாவோட கண்ணு

ஆடி மாசம் அம்மாவுக்கு இடது கண்ணுல புரை ஆபரேஷன் பண்ணோம். அதுக்கு முன்னாடியே ரொம்ப நாளா கஷ்டம்தான், பெரம்பூர் பாலத்துல எதிர்ல வர்ற வண்டி லைட்டெல்லாம் பெரிய வட்டமா தெரியுதும்பாங்க, பூஜை ரூம்ல ஒரு விளக்கு ஏத்தினா மூணு எரியுதும்பாங்க. கட்டுப் பிரிச்சதும் பளிச்சுன்னு தெரியும்னு எல்லாரும் சொன்னாங்க, அம்மாவுக்குத் தெரியல. கருவிழி வீங்கியிருக்கு, சொட்டு மருந்து விடுங்க குறையும்னு சொல்லி அனுப்பிட்டாங்க. எத்தனை நாள்ல குறையும்னு கேட்டா நின்னு பதில் சொல்ல ஒருத்தர் இல்ல அங்க, அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறல.

"வெள்ளைத் துணி போட்டு மூடின மாதிரி இருக்குடி"ன்னு அம்மா அழுத அன்னைக்கு ராத்திரிதான் மஞ்சத் துணில காசு முடிஞ்சு வச்சாங்க. அண்ணாமலையாரே இந்தக் கண்ணைத் திறந்து விடு, கார்த்திகைக்கு உன் மலைக்கு எதிர்ல வந்து நின்னு உன் ஜோதியைப் பார்க்கறேன்னு. ஆறாவது வாரம் காலண்டர்ல தேதியை அவங்களே படிச்சாங்க. அப்புறம் யார் சொல்லி நிறுத்த முடியும் சொல்லுங்க.

தீபத்தன்னைக்கு விடியக்காலைல நான், அம்மா, அக்கா பையன் மூணு பேரும் திருவண்ணாமலை பஸ் ஏற கிளாம்பாக்கம் போய்ட்டோம். பஸ் கிடைக்கவே ஒன்றரை மணி நேரம், திண்டிவனம் வரைக்கும் எனக்கு சீட் இல்ல. செஞ்சி தாண்டினதும் மழை பிடிச்சிக்கிச்சு. கீழ்பென்னாத்தூர் வந்தா மலை தெரியும்னு அம்மா ஜன்னல் பக்கமே பார்த்துட்டு இருந்தாங்க, ஒண்ணும் தெரியல, மலை இருக்கற இடத்துல மேகம்தான் நின்னுச்சு.

பஸ்ஸை ஊருக்கு வெளியவே நிறுத்திட்டாங்க. அங்கிருந்து நடை. ஆட்டோக்காரர் ஒருத்தர் கோயில் பக்கத்துலயே விடறேன்னு ஆளுக்கு இருநூறு வாங்கிட்டு பேரிகேட் வந்ததும் இறங்குங்கன்னுட்டார். அதோட விட்டுச்சா, பாஸ் இருக்கு, அர்த்தநாரீஸ்வரரையே உள்ள நின்னு பார்க்கலாம், தலைக்கு ரெண்டாயிரம்னு ஒருத்தன் கூடவே வரான். நான் அட்வான்ஸா ஐநூறு கொடுத்தேன், இங்கயே நில்லுங்கன்னு போனவன் போனவன்தான். ஈசன் வாசல்ல நின்னுட்டு, அதுவும் வயசான அம்மாவைப் பார்த்துட்டே, எப்படித்தான் மனசு வருதோ இவங்களுக்கு. அம்மா மட்டும் திட்டவே இல்ல. ராஜகோபுரத்தைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டுட்டு, மஞ்சத் துணியை அவிழ்த்து தீபத்துக்கு நெய் காணிக்கை கட்டிட்டு வந்துட்டாங்க.

சாயங்காலம் நாலு மணிக்கு மேல கூட்டம் ஒரே நெரிசல், நாம நடக்க வேண்டாம், கூட்டமே தள்ளிட்டுப் போகும். அம்மாவுக்கு மூச்சு வாங்குச்சு. கிழக்குப் பக்கம் ஒரு சின்னத் தெருவுல ஒதுங்கினோம், ஒரு வீட்டு வாசல்ல இருந்த வீட்டுக்கார அம்மா எங்களைப் பார்த்ததும் கேட்கக்கூட இல்ல, பிளாஸ்டிக் சேரை எடுத்துப் போட்டு சுக்கு காபி கொடுத்தாங்க. அவங்க படியில அகல் விளக்கு வரிசையா எண்ணெய் ஊத்தி திரி போட்டு ரெடியா இருக்கு, ஒண்ணுகூட ஏத்தல. மலையில தெரிஞ்சப்புறம்தான் எங்க ஊர்ல வீட்டு விளக்குன்னாங்க.

ஆறு மணி. உள்ள அர்த்தநாரீஸ்வரர் வந்துட்டார், வருஷத்துல அந்த ரெண்டு நிமிஷம்தான். கொடிமரத்துக்கிட்ட அகண்ட தீபம் ஏத்தின உடனே ஊரே "அண்ணாமலையாருக்கு அரோகரா"ன்னு அதிருது, பட்டாசு மேல போகுது, எல்லார் கையும் தலைக்கு மேல. நாங்க நின்ன பக்கம் உச்சியில மேகம். 2668 அடி மலையில பாதிக்கு மேல ஒண்ணுமே இல்ல, வெள்ளையா. பின்னாடி நின்னவங்க தெரியுது தெரியுதுன்னாங்க, எனக்குத் தெரியல. அம்மா கண்ணாடியைக் கழட்டித் துடைச்சு மாட்டினாங்க, திரும்பக் கழட்டினாங்க. அப்புறம் மெதுவா, "அன்னிக்கு என் கண்ணு இப்படித்தான்டி இருந்துச்சு"ன்னாங்க. எனக்கு தொண்டை அடைச்சிடுச்சு, என்ன பதில் சொல்றது. மனசுக்குள்ள நான் அவரோட சண்டையே போட்டேன், பிரம்மாவும் விஷ்ணுவும் அடிமுடி தேடி பார்க்க முடியல சரி, இவங்க தேடல, நீ காட்டறேன்னு நம்பி பஸ் ஏறி வந்தவங்க, இவங்களுக்குக் காட்டக் கூடாதான்னு.

எவ்வளவு நேரம்னு தெரியல. காத்து திரும்புச்சு. மேகம் முதல்ல உள்ள இருந்து ஆரஞ்சு கலர்ல சிவந்துச்சு, அப்புறம் ஓரமா கிழிஞ்ச மாதிரி விலகுது, நடுவுல அவர். மலைன்னு ஒண்ணு கண்ணுக்குத் தெரியாததால ஜோதி வானத்துலயே தனியா நிக்குது, கீழ பிடிப்பு இல்ல, மேல பிடிப்பு இல்ல. அன்னைக்கு தேவர்களுக்கு காட்டினது இப்படித்தான் இருந்திருக்கும்னு சத்தியமா நினைச்சேன். அரோகரா சொல்லக்கூட எனக்கு வாய் வரல. பக்கத்துல அம்மா வலது கண்ணைக் கையால பொத்திட்டு இடது கண்ணால மட்டும் பார்க்கறாங்க, உதடு நடுங்குது, கன்னமெல்லாம் தண்ணி. "ஒண்ணுதான்டி தெரியுது. ஒண்ணே ஒண்ணு"ன்னாங்க. கொஞ்சம் கழிச்சு, "நம்ம நெய்யும் எரியுது இல்ல?"

ஆயிரக்கணக்கான கிலோ நெய்னு சொல்வாங்க, அதுல எங்களோடது ஒரு கிலோ. ஆமாம்மா, எரியுதுன்னேன்.

அந்த வீட்டு அம்மா தீப்பெட்டியைக் கொண்டு வந்து அம்மா கையில கொடுத்து, "நீங்களே முதல் விளக்கு ஏத்துங்கம்மா"ன்னாங்க. முன்பின் தெரியாத வீடு. அம்மா குனிஞ்சு, ஈரக் காத்துல ரெண்டு குச்சி அணைஞ்சு, மூணாவது குச்சியை உள்ளங்கைக்குள்ள மறைச்சு திரி நுனியில வச்சாங்க. முதல்ல நீலமா ஒரு பொட்டு, அப்புறம் நிமிர்ந்து நின்னுச்சு. வீட்ல நாலஞ்சு மாசமா திரி எங்க இருக்குன்னு தடவித் தடவி ஏத்தின கை அது. அந்த வீட்டு அம்மா பேரைக்கூட நான் கேட்டுக்கல, அந்தக் குடும்பம் நல்லா இருக்கணும், அண்ணாமலையாரே.

அப்புறம் கிரிவலம். 14 கிலோமீட்டர் அம்மாவால முடியாதுன்னு நான் சொன்னதை யாரும் காதுல வாங்கல. உட்கார்ந்து உட்கார்ந்து நடந்தோம், எட்டு லிங்கத்தையும் ரோட்ல நின்னே கும்பிட்டோம், அன்னதானம் வழி முழுக்க, யாரோ கொடுத்த சாம்பார் சாதம் அவ்வளவு ருசி. செருப்பு தொலைஞ்சது, முட்டி வீங்குச்சு, ராத்திரி ரெண்டரை ஆச்சு. மேகம் வரும், மூடும், விலகும், ஒவ்வொரு தடவை விலகறப்பவும் புதுசா பார்க்கற மாதிரி அம்மா நின்னுடுவாங்க. தீபக் கொப்பரையில இருந்து எடுக்கற தீப மை ஆருத்ரா தரிசனம் முடிஞ்சுதான் கொடுப்பாங்க, அதை வாங்க திரும்ப வரணும்னு நடக்கறப்பவே முடிவு பண்ணிட்டாங்க.

திரும்பி வர்ற பஸ்ல நல்லவேளையா கடைசி வரிசையில சீட் கிடைச்சுது. அக்கா பையன் என் தோள்ல தூங்கிட்டான். அம்மா பின்பக்கக் கண்ணாடியில முகத்தை வச்சு திரும்பி உட்கார்ந்திருந்தாங்க. கீழ்பென்னாத்தூர் தாண்டியிருக்கும், கண்டக்டர் வந்து டிக்கெட் கேட்டார், அம்மா திரும்பாமயே கையைக் காட்டி, "இருப்பா, இன்னும் தெரியுது"ன்னாங்க.