ஓலக்கல்லின் விரிசல்

மார்ச் 3, 2025, திங்கள்

நான் கற்பனை செய்த சாரணம் என்ற தேசத்தின் வரைபடத்தில், உப்பளங்களுக்கு நடுவே ஒரு புள்ளி இரண்டு மாதமாகச் சும்மா கிடக்கிறது. பெயர் மட்டும் வைத்திருக்கிறேன்: ஓலக்கல். நான் எழுதிக்கொண்டிருக்கும் மாயக்கதையில் விடியும் நேரத்தில் அழும் கல். உப்பு வாரும் பெண்கள் அதைக் கேட்ட பிறகுதான் பாத்தியில் கால் வைப்பார்கள். குரல் இழுத்து வந்தால் அன்றைக்குக் கடல் உள்ளே ஏறும், வீட்டுக்குத் திரும்பிவிடுவார்கள்.

ஏன் அழுகிறது என்று எழுத உட்கார்ந்தாலே சாபம், சிறைப்பட்ட இளவரசி என்றுதான் வருகிறது. எல்லாவற்றையும் அடித்துவிட்டேன். அது கல்லாகவே இருந்து அழ வேண்டும்.

மார்ச் 5, புதன்

எகிப்தில் அப்படி ஒரு கல் உண்மையிலேயே இருந்திருக்கிறது. லக்சோருக்கு எதிரே, நைல் நதியின் மேற்குக் கரையில், பழைய எகிப்து மன்னன் மூன்றாம் அமென்ஹோடெப்பின் இரண்டு சிலைகள் உட்கார்ந்திருக்கின்றன. ஒவ்வொன்றும் ஏறக்குறைய 18 மீட்டர் உயரம். கி.மு. 27இல் வந்த நிலநடுக்கத்தில் வடக்குச் சிலையின் மேல்பாதி இடிந்து விழுந்தது. அதற்குப் பிறகுதான் விடியற்காலையில் அதிலிருந்து சத்தம் வரத் தொடங்கியது. யாழ் நரம்பு அறுந்தாற்போல என்கிறார் பழைய கிரேக்கப் பயணி பௌசானியாஸ். கிரேக்கப் புவியியலாளர் ஸ்ட்ராபோ தன் காதால் கேட்டும், அடியில் நின்றவர்கள் யாராவது செய்த வேலையோ என்று சந்தேகப்படுகிறார். மற்றவர்களுக்கு அது மெம்னோனின் குரல். கிரேக்கப் புராணத்தில், டிராய்ப் போரில் அகிலீஸ் கையால் மாண்ட மகன், விடியல் தேவதையான தாய் ஈயோஸைக் கூப்பிடுகிறான்.

சிலையின் கால்களில் நூற்றுக்கு மேல் கல்வெட்டுகள். வந்தேன், கேட்டேன் என்று ஆளாளுக்கு வெட்டி வைத்திருக்கிறார்கள். கி.பி. 130இல் ரோமப் பேரரசர் ஹாட்ரியனின் பரிவாரம் வந்தபோது முதல் நாள் அது வாய் திறக்கவில்லை. உடன் வந்த கவிஞர் ஜூலியா பல்பில்லாவின் நான்கு பாடல்கள் அந்தக் காலிலேயே இருக்கின்றன. பேரரசன் வீட்டாரையும் காக்க வைத்த கல்!

இரவுப் பனி விரிசலுக்குள் தங்கி, வெயில் பட்டதும் ஆவியாகும்போது எழுந்த சத்தம் என்று பொதுவாகக் காரணம் சொல்கிறார்கள். பிறகு மேல்பாதியை மணற்கல் அடுக்கிச் சரிசெய்தார்கள். பின்னால் வந்த ரோமப் பேரரசர் செப்டிமியஸ் செவரஸ் செய்த திருப்பணி என்பது வழக்கு. அதோடு குரல் நின்றுபோனது.

இந்த இடத்தில் புத்தகத்தை மூடிவிட்டேன். மேலே படிக்க மனம் வரவில்லை.

மார்ச் 8, சனி

வெயில் வந்துவிட்டது, தண்ணீர்ப் பானை வாங்கச் சந்தைக்குப் போனேன். ஒன்றை எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தபோது பானைக்காரப் பாட்டி வாங்கிக்கொண்டு, வாயைப் பிடித்துத் தூக்கி, விரலை மடக்கி முட்டியால் வயிற்றில் தட்டினார்.

"சத்தம் கிண்ணுன்னு வரணும் தாயி. பொத்துன்னு வந்தா எங்கயோ கீறல் இருக்கு. கண்ணுக்குத் தெரியாது, காதுக்குத் தெரியும்."

ஒன்பதோ பத்தோ பானைகளைத் தட்டிப் பார்த்தோம். ஒன்று மட்டும் பொத்தென்றது. எவ்வளவு தேடியும் கீறல் எனக்குத் தெரியவில்லை. பாட்டி உள்ளே தண்ணீர் ஊற்றினார். கொஞ்ச நேரத்தில், அடிப்பக்கம் மயிரிழை போல ஒரு கோடு கறுத்துக்கொண்டே மேலேறியது.

வரும் வழியெல்லாம் அதே நினைப்பு. கீறினால் பானைக்குக் குரல் போகிறது. மெம்னோனுக்குக் கீறிய பிறகுதான் குரலே வந்தது.

மார்ச் 9, ஞாயிறு

ஓலக்கல்லில் விரிசல் உண்டு. முடிவாகிவிட்டது. அந்தத் தேசத்து அரசன் கெட்டவன் இல்லை. அவனுக்கு அந்தக் கல் மேல் உயிர். அழுகிறதே, வலிக்கிறதோ என்று பார்க்கப் பொறுக்காமல்தான் திருப்பணிக்கு ஆள் அனுப்புகிறான். அவனை வில்லனாக்கினால் கதை கெட்டுவிடும்.

மார்ச் 12, புதன்

எழுதவில்லை. காய்ச்சல்.

மார்ச் 16, ஞாயிறு

இன்று அந்தக் காட்சியை எழுதி முடித்தேன். கொத்தனார் சுண்ணாம்பை அரைத்து, கடுக்காய் ஊறிய நீரும் கருப்பட்டியும் சேர்த்துப் புளிக்க வைக்கிறார். நம் ஊர்ப் பழைய கட்டடங்களில் சேர்த்த சாந்து அது. அதையே சாரணத்துக்கும் கொடுத்துவிட்டேன். விரிசலின் இரு உதடுகளையும் ஈரத்துணியால் துடைத்துவிட்டுத்தான் கரணையை எடுக்கிறார். அந்தத் துடைப்பை எழுதும்போது கண் கலங்கிவிட்டது.

மறுநாள் விடியல். பெண்கள் வாரும் பலகைகளோடு வரப்பில் நிற்கிறார்கள். வெயில் கல்லின் தலையில் பட்டு, தோளுக்கு இறங்கி, அடிக்கும் வந்துவிட்டது. ஒரு சத்தமும் இல்லை. கூட்டத்தில் மூத்தவள் பலகையைக் கீழே வைத்துவிட்டுப் போய், விரலை மடக்கி முட்டியால் கல்லைத் தட்டுகிறாள்.

கிண்ணென்று வருகிறது.

அவள் கையை எடுக்காமல் நிற்கிறாள். பாத்தியில் இறங்கலாமா என்று பின்னாலிருந்து யாரோ கேட்கிறார்கள்.