மூன்று சூரியன்களின் சுவை

ஒளியை நாவால் உணரும் ஒரு விண்மீன் மண்டலத்துக்குப் பயணம் போவதென்றால், நுங்கம்பாக்கம் கல்லூரிச் சாலையில் உள்ள வானிலை மைய வளாகத்திலிருந்துதான் புறப்பட வேண்டும் என்று முடிவு செய்திருந்தேன். 1792-இல் அமைக்கப்பட்ட சென்னை வானாய்வகத்தின் கருங்கல் தூண் அங்கே இன்றும் நிற்கிறது. விண்மீன்கள் உச்சியைக் கடக்கும் நேரத்தைக் கணிக்கும் கருவியைத் தாங்குவதற்காக நாட்டப்பட்ட தூண் அது. உடன் வந்தவர் என் பெரியப்பா. முதுமையில் பார்வையை முழுவதும் இழந்துவிட்ட அவர், தூணில் பொறிக்கப்பட்டுள்ள தமிழ் எழுத்துகளை விரல்களால் தடவித் தடவிப் படிக்க முயன்றார்.

இந்தக் கற்பனை மண்டலம் உருவானதே அவரால்தான். நட்சத்திரங்களைப் பற்றி நான் ஏதோ சொல்லிக்கொண்டிருந்த ஒரு மாலையில், "செவப்பு, நீலம்னு சொன்னா எனக்கு என்னடா தெரியப்போவுது? எப்படி ருசிக்கும்னு சொல்லு" என்றார். அந்தக் கேள்வி என்னை விடவே இல்லை.

யோசிக்க யோசிக்க, அது வானியலுக்கு மிக நெருக்கமான கேள்வி என்று தெரிந்தது. ஒரு விண்மீன் எதனால் ஆனது என்பதை அதன் ஒளியை நிறமாலையாகப் பிரித்துத்தான் அறிகிறோம். ஒவ்வொரு தனிமமும் அதில் தனக்கே உரிய கோடுகளைக் காட்டும். 1868 ஆகஸ்ட் 18 அன்று நிகழ்ந்த முழுச் சூரிய கிரகணத்தைக் காண, சென்னை வானாய்வகத்தின் பொறுப்பிலிருந்த போக்சன் மசூலிப்பட்டினத்துக்கும், பிரெஞ்சு வானியலாளர் ஜான்சன் குண்டூருக்கும் சென்றிருந்தனர். சூரியனின் விளிம்பில் எழுந்த தழலின் நிறமாலையில் அன்று பளிச்சென்று ஒரு மஞ்சள் கோடு தெரிந்தது. சமையல் உப்பில் இருக்கும் சோடியத்தின் கோடும் ஏறக்குறைய அதே இடத்தில் விழும் என்பதால், பலர் அதைச் சோடியம் என்றே கருதினர். பின்னர் அது ஹீலியம் என்று தெளிந்தது. அந்த வாயு பூமியில் கிடைத்தது 1895-இல்தான். ஒளியைச் சுவைக்கும் மக்கள் அன்று குண்டூரில் இருந்திருந்தால், இதில் உப்பு இல்லை என்று நாவில் பட்டவுடனேயே சொல்லியிருப்பார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது.

அன்று இரவு பெசன்ட் நகர்க் கடற்கரையில் அமர்ந்து மண்டலத்தை முழுமையாக்கினோம். வைகாசி மாதம் என்பதால், தென்கிழக்கில் கடலுக்கு மேலே கேட்டை நட்சத்திரம் செந்நிறத்தில் தெரிந்தது. அதன் வெப்பநிலை ஏறக்குறைய 3,500 கெல்வின். நம் சூரியனுக்கு 5,800. எங்கள் மண்டலத்தில் கேட்டையைப் போன்ற ஒரு செம்பெருமீன், சூரியனைப் போன்ற ஒரு மஞ்சள் மீன், 25,000 கெல்வின் வெப்பமுள்ள ஒரு சிறிய வெண்குறுமீன் ஆகிய மூன்றும் உண்டு. மஞ்சளுக்கு உப்பு என்பதில் எங்களுக்குள் பேச்சே எழவில்லை. மிளகாயின் காரத்தையும் சூட்டையும் உணர்வது நாவிலுள்ள ஒரே வகை ஏற்பிதான் என்பதால், கடும் சூட்டால் வெண்குறுமீனில் மிகுந்திருக்கும் நீல ஒளிக்குக் காரத்தைக் கொடுத்தோம். பச்சைக்குப் புளிப்பு. சிவப்புக்கு நான் இனிப்பு என்றேன், பெரியப்பா ஒப்பவில்லை. "வயசாகி ஆறிப்போன நட்சத்திரம்னு நீதானே சொன்னே? அப்போ அது துவர்ப்புடா, கடுக்காய் மாதிரி" என்றார். அவர் சொன்னதே நிலைத்தது.

அந்த மண்டலத்தின் கோள் ஒன்றில் காற்றும் இருப்பதாக வைத்துக்கொண்டால், பகல் முழுவதும் அதன் சுவை மாறிக்கொண்டே இருக்கும். உச்சிப்பொழுதில் மூன்று மீன்களும் மேலே நிற்க, நல்ல ரசத்தில் புளியும் மிளகும் உப்பும் தனித்துத் தெரியாததைப்போல எல்லாம் ஒன்றாகக் கலந்திருக்கும். காற்றின் மூலக்கூறுகள் நீல ஒளியையே மிகுதியாகச் சிதறடிப்பதால், வெயில் நேராகப் படாத மர நிழலில்கூட வானத்திலிருந்து மெல்லிய காரம் இறங்கிக்கொண்டிருக்கும். மாலையில் ஒளி நெடுந்தூரம் காற்றைக் கடந்து வருவதால் முதலில் காரம் கழியும், அடுத்துப் புளிப்பு குறையும். உப்பும் துவர்ப்பும் மட்டும் நாவில் நிற்கும்.

கேட்டை நம்மிடமிருந்து சுமார் 550 ஒளியாண்டுத் தொலைவில் இருக்கிறது என்றதும் பெரியப்பா சற்று நேரம் பேசவில்லை. அதன் சுவை விஜயநகர ஆட்சிக் காலத்தில் புறப்பட்டு இப்போதுதான் நம் நாவுக்கு வருகிறது என்பதை அவர் இருமுறை கேட்டு உறுதி செய்துகொண்டார்.

அங்கே போக விரும்புவோர் வெண்குறுமீன் முதலில் மறையும் பருவத்தைத் தேர்ந்தெடுப்பது நல்லது. அப்போதுதான் மஞ்சள் மீன் தாழ்ந்து மறையும் வரை உப்பைத் தெளிவாக உணரலாம். அதன்பின் செம்பெருமீன் மட்டும் நிற்கும் நீண்ட அந்தியில் துவர்ப்பைத் தனியாக அறியலாம். மூன்றும் மறைந்தபின் தொலைவிலுள்ள விண்மீன்களை ஒவ்வொன்றாகச் சுவைக்க வேண்டும் என்பது பெரியப்பாவின் விருப்பம். அவற்றின் பட்டியலில் திருவாதிரையையும் சித்திரையையும் அவரே சேர்த்திருக்கிறார்.