மரம் லாரி ஏறுவதற்குள்

காரைக்குடி, தேவகோட்டைப் பக்கம் சொத்து வழக்கென்று என்னிடம் வருகிறவர்களிடம் நிலத்தைப் பற்றிக் கேட்பதற்கு முன்னால் அதில் என்ன மரம் நிற்கிறது என்றுதான் கேட்பேன். நிலம் எங்கேயும் ஓடிவிடாது, தீர்ப்பு வர பத்து வருஷம் ஆனாலும் அதே சர்வே நம்பரில் கிடக்கும். மரம் அப்படியில்லை. ஒரு ராத்திரி போதும்.

இந்தப் பக்கம் பங்குதாரர்களில் பாதிப் பேர் ஊரில் இல்லை, சென்னையிலோ மலேசியாவிலோ இருப்பார்கள். ஊரிலிருக்கும் பங்காளி ஒருவர் மர வியாபாரியிடம் விலை பேசி அட்வான்ஸ் வாங்கிவிடுவார். சேதி தெரிந்து போலீசுக்கு ஓடினால், "பட்டாவில் அவங்க பேரும் இருக்கு, உங்க பேரும் இருக்கு, இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க" என்று அனுப்பிவிடுவார்கள்.

சரி, கோர்ட்டுக்கு வந்தாயிற்று. உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 39, விதி 1-இன்படி தாவா சொத்து, அதாவது வழக்கிலிருக்கும் சொத்து, பாழாகும் அபாயம் இருக்கிறதென்று காட்டினால் இடைக்காலத் தடை கிடைக்கும். அவசரமென்றால் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகும் முன்பே கிடைக்கும். ஆனால் அன்றோ மறுநாளோ மனுவின் நகல்களை எதிர்த்தரப்புக்கு அனுப்பியாக வேண்டும். பெரும்பாலான மனுக்கள் இத்தோடு நின்றுவிடுகின்றன, என் ஆதங்கம் அதுதான். தடை இனி வெட்டப்போகும் மரத்துக்குத்தான். வெட்டிச் சாய்த்துக் கிடப்பதை யார் கணக்கெடுப்பது?

அதற்குத்தான் அதே நாளில் கட்டளை 26, விதி 9-இல் அட்வகேட் கமிஷனர், அதாவது இடத்தை நேரில் பார்த்து அறிக்கை கொடுக்கக் கோர்ட் அனுப்பும் வக்கீல், கேட்டு இன்னொரு மனு போட வேண்டும். சாட்சியம் திரட்டக் கமிஷனரை அனுப்பக் கூடாதென்று எதிர்த்தரப்பு வாதாடும். ஆனால் நாளைக்கே ஜேசிபி வைத்துத் தூரைப் பிடுங்கி உழுதுவிட்டால் அங்கே மரம் நின்றதற்கே அடையாளம் இருக்காது என்பதை எடுத்துச் சொன்னால் நீதிபதிகள் புரிந்துகொள்கிறார்கள்.

நான் கமிஷனராகப் போன ஒரு தைலமரக் காட்டில் பிரதிவாதி, "தடைக்கு ரொம்ப முன்னாலேயே வெட்டியாச்சு" என்று சாதித்தார். கூட வந்த மரம் வெட்டும் பெரியவர் ஒரு தூர் பக்கத்தில் உட்கார்ந்து தடவிப் பார்த்துவிட்டு, "வக்கீலய்யா, பழைய வெட்டுன்னா சுத்தி முளை கெளம்பியிருக்கணும், இதுல ஒண்ணுகூட இல்ல, மரத்தூளும் இன்னும் வெளுக்கல" என்றார். தைலமரம் வெட்டினால் திரும்பத் தளிர்க்கும் சாதி. அவர் சொன்னதை அப்படியே தீர்ப்பு மாதிரி எழுதிவிட முடியாது, எது எப்போது வெட்டப்பட்டது என்று முடிவு செய்வது கோர்ட். ஆனால் முளை இல்லாததை, தூளின் நிறத்தை, ஒவ்வொரு தூரின் சுற்றளவை டேப் வைத்து அளந்து, போட்டோவோடு அறிக்கையில் வைத்தேன். பின்னால் தடையை மீறியதாகக் கட்டளை 39, விதி 2ஏ-இல் மனு வந்தால், மூன்று மாதம் வரை சிவில் சிறை வைக்கலாம் என்பதால், கோர்ட் இதையெல்லாம் நுணுக்கமாகக் கேட்கும்.

அப்புறம் வெட்டிய கட்டை. இதை இரண்டு தரப்பு வக்கீல்களுமே மறந்துவிடுகிறார்கள். தைலமரம் டன் கணக்கில் விலை போகிற சரக்கு, காயக் காய எடை குறையும், செம்மண் தரையில் கிடந்தால் கறையானும் ஏறும். மனு வாய்தா வாய்தாவாக நகர, யாருக்குச் சொந்தமென்று சண்டை போடுகிறார்களோ அந்தப் பணம் அங்கேயே கரைந்துகொண்டிருக்கும். சீக்கிரம் கெட்டுப்போகும் அசையும் பொருளை வழக்கு முடியும் முன்பே விற்கச் சொல்ல அதே கட்டளை 39-இன் விதி 6 இடம் கொடுக்கிறது. கமிஷனர் முன்னிலையில் எடை போட்டு ஏலம் விட்டு, பணத்தைக் கோர்ட் டெபாசிட்டில் கட்டச் சொல்லிக் கேட்கலாம். இதில் யார் உரிமையும் போய்விடாது, ஜெயித்தவர் பின்னால் எடுத்துக்கொள்ளட்டும்.

தேக்குக்கு இந்த அவசரமில்லை, நம் ஊர் வீட்டுத் தூண்களைப் பார்த்தாலே அது எவ்வளவு காலம் தாங்குமென்று தெரியும். அதை விற்கச் சொல்வதைவிட, கட்டைக்குக் கட்டை நம்பர் போட்டு, விதி 7-இன்படி பத்திரமாக வைக்க உத்தரவு வாங்குவது மேல்.